ஏற்கெனவே பயன்படுத்தப்பட்டது

இந்தக் கோட் நம்பர் ஏற்கெனவே பயன்படுத்தப்பட்டுவிட்டது என்று டிவி இரண்டாவது தடவையும் சொன்னது. இங்கிலீஷில் எழுதித்தான் காட்டியது, ஆனால் தண்டபாணிக்கு அது தமிழில், அதுவும் தம்பி குழந்தைவேலுவின் குரலில், கொஞ்சம் சிரிப்போடு கேட்டது. சரிதான், இப்படி ஏதாவது இருக்கும் என்று ரசம் சாதம் பிசையும்போதே பட்டது, பட்டும் புத்தி கேட்கவில்லை, எச்சில் கையை வேட்டியில் துடைத்துக்கொண்டு போனை எடுத்தாயே, உனக்கு வேண்டும், என்று தன்னையே திட்டிக்கொண்டார். சாப்பாட்டு நேரத்தில் வாட்ஸப்பில் ஒரு போட்டோ வந்திருந்தது. அனுப்பியது தம்பி. அண்ணே என்று ஒரு வார்த்தை கிடையாது, நல்லாருக்கீங்களா கிடையாது, ஒரு கும்பிடு பொம்மைகூடக் கிடையாது. ஒரு அட்டை, அதில் மலைப்பாதையில் சாய்ந்து நிற்கிற ஒரு லாரி, லாரிக்குக் கீழே வெள்ளிப் பூச்சைச் சுரண்டிய இடத்தில் எழுத்தும் எண்ணும் கலந்த கோட் நம்பர், அவ்வளவுதான். டிவியில் ஆடுகிற லாரி கேமின் புது பாகம், வந்து கொஞ்ச நாள்தான் ஆகிறது. நம்பரை அடித்தால் முழு கேமும் நெட்டிலிருந்து தானாக இறங்கிவிடும். ஒரு தடவை அடித்தால் அட்டை செத்தது, அப்புறம் குப்பைத்தொட்டிக்குத்தான். அடிவாரத்தில் இருந்த பூர்வீக வீட்டைப் பாகம் பிரித்த நாளிலிருந்து பேசாத தம்பி, தீபாவளிக்கும் பேசாத, பொங்கலுக்கும் பேசாத தம்பி, திடீரென்று ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கேம் வாங்கி அனுப்புகிறான் என்றால் அதை நம்புகிறவன் மனுஷனா மடையனா. நம்பித் தொலைத்தார்.

நம்புவது அவருக்குப் பழக்கமில்லாத காரியம். உத்தியோகம் அப்படி. பஸ்ஸில் டிக்கெட் பரிசோதகர். பாதி வழியில் கையைக் காட்டி நிறுத்தி ஏறுவார், யார் முகத்தையும் பார்க்கமாட்டார், கைகளைத்தான் பார்ப்பார், டிக்கெட் உள்ள கை ஒரு மாதிரி இருக்கும், இல்லாத கை ஒரு மாதிரி பையைத் துழாவும், தூங்குகிற மாதிரி நடிக்கிறவனின் இமை தானாகத் துடிக்கும், எல்லாம் தெரியும். வேலைக்குச் சேர்ந்த புதிதில் சில கண்டக்டர்கள் ஒரு வித்தை வைத்திருந்தார்கள். இறங்குகிற ஆளிடம் டிக்கெட்டை வாங்கி வைத்துக்கொண்டு அடுத்த நிறுத்தத்தில் ஏறுகிற ஆளுக்கு அதையே கொடுப்பது. வாங்கியவனுக்கு ஒன்றும் தெரியாது, அவன் பாட்டுக்குப் பத்திரமாக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு ஜன்னலோரம் உட்கார்ந்து காற்று வாங்குவான். தண்டபாணி தொட்ட மாத்திரத்தில் விரல் சொல்லிவிடும், இது ஒருத்தன் கை வியர்வையைக் குடித்த காகிதம் என்று. அப்படிப்பட்ட தண்டபாணிக்கே அடித்த டிக்கெட்டைக் கொடுத்திருக்கிறான் கூடப் பிறந்தவன். அடித்த டிக்கெட். அந்த வார்த்தை மனசில் வந்து உட்கார்ந்ததும் நகர மறுத்தது. மனைவி பரிமளா வீட்டில் இருந்திருந்தால், கோயில் பிரசாதத்தைக்கூடத் திருப்பிப் பார்த்துத் தின்கிற ஆள்தானே நீங்கள் என்று சொல்லியிருப்பாள். பரிமளா உடுமலையில் அவள் சித்தி வீட்டுக் காதுகுத்துக்குப் போயிருக்கிறாள். அவளுக்கென்ன, போன இடத்தில் சிரித்துப் பேசிக்கொண்டிருப்பாள். இங்கே ஒரு மனுஷன் தலையில் மிளகாய் அரைத்துக்கொண்டிருக்கிறார்கள், கேட்க நாதியில்லை.

டிவிக்குக் கீழே கேம் பெட்டியின் சின்ன விளக்கு வெள்ளையாக எரிந்துகொண்டிருந்தது. இந்தப் பெட்டியை இரண்டு பேரும் சேர்ந்துதான் வாங்கினார்கள், அம்மா இருந்தபோது. கழுதை வயசில் இதென்னடா என்று அம்மா கேட்டதற்குத் தம்பி, அண்ணன் பஸ்ஸில்தான் ஓட்ட முடியாமல் சோதனை மட்டும் பண்ணுகிறார், வீட்டிலாவது ஓட்டட்டும் என்று சொல்லிவிட்டான். பழைய லாரி கேமில் ஒரு லாரிக்கு இரண்டு பேர். ஒருத்தன் ஸ்டியரிங், ஒருத்தன் பிரேக்கும் கியரும். இரண்டும் ஒருத்தன் கையில் இருக்காது, அதுதான் அதன் சூட்சுமம். வளைவில் தண்டபாணி ஒடிக்கிற அதே நொடியில் குழந்தைவேலு பிரேக்கை மிதிக்கவேண்டும், கொஞ்சம் பிந்தினால் லாரி பள்ளத்தில். போடுடா என்று சொல்லவேண்டிய அவசியமே வராது. அவர் தோள் அசைகிறதைப் பார்த்தே போட்டுவிடுவான். மற்ற எல்லா இடத்திலும் ஒன்றுக்கு இரண்டு தடவை கேட்கிற தண்டபாணி அந்த லாரியில் மட்டும் பிரேக் இருக்கிறதா என்று ஒருநாளும் கேட்டதில்லை. அவருக்குப் பிள்ளை இல்லை. தம்பி மகள் நிரஞ்சனா நடுவில் வந்து மடியில் உட்கார்ந்துகொண்டு பெரியப்பா ஆரன் அடிங்க ஆரன் அடிங்க என்று உயிரை வாங்குவாள். எல்லாவற்றையும் பாகம் பிரித்தபோது இந்தப் பெட்டி அவருக்கு வந்தது, கணக்கு அவனிடம் போனது. இரண்டு பேர் பெயரையும் ஒட்டவைத்து தண்டவேலு என்று ஒரே கணக்குத்தான் வைத்திருந்தார்கள், அது அவன் ஈமெயிலில் திறந்தது. வாங்கிய கேம்கள் எல்லாம் அந்தக் கணக்கோடு அவனுடையதாகிவிட்டன, அவன் தனக்கு வேறு பெட்டி வாங்கிக்கொண்டதாகக் கேள்வி. அவர் டிவியில் தன் பெயருக்குப் புதிதாக ஒரு கணக்கு திறந்துகொண்டார். அதில் ஒரு கேமும் கிடையாது, நண்பர்கள் என்று போட்டிருந்த இடத்தில் ஒரு ஈ காக்கை கிடையாது. ஆனாலும் ஞாயிற்றுக்கிழமைகளில் பெட்டியைப் போட்டு அந்த வெறும் திரையைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு அணைப்பார். பரிமளா கேட்டால், பெட்டி வேலை செய்கிறதா என்று பார்க்கிறேன் என்பார்.

சரி, நடந்ததை ஒழுங்காக யோசிப்போம், என்று காலை மடக்கி உட்கார்ந்தார். போட்டோ வந்தது. கையைக் கழுவினார். டிவியில் ஒவ்வொரு எழுத்தாக, கேம் கைப்பிடியில் இருக்கிற குச்சியைத் தள்ளித் தள்ளித் தேடவேண்டும், கைவிரல் நோகும் என்று முதலில் போனில் உள்ள கேம் கடை ஆப்பைத் திறந்து அதில் அடித்தார். அடித்து, உறுதியா என்று கேட்டதற்கு ஆமாம் என்று தட்டியதும் வட்டம் சுற்ற ஆரம்பித்தது. சுற்றுகிறது சுற்றுகிறது, அதற்குள் பரிமளா கூப்பிட்டுவிட்டாள், பாலை எடுத்து உள்ளே வைத்தீர்களா என்று. வைத்தேன் என்று பொய் சொல்லிவிட்டு, போய் வைத்துவிட்டு வந்து பார்த்தால் போனில் பழையபடி முகப்புப் பக்கம். ஒன்றும் நடக்கவில்லை. அப்புறம்தான் டிவியில் குச்சியைத் தள்ளித் தள்ளி அடித்தது, அப்புறம்தான் இந்த அவமானம். ஆக, ஏற்கெனவே யாரோ அடித்திருக்கிறார்கள். யார். கடைக்காரனாக இருக்கலாம், சுரண்டிப் பார்த்து அடித்துவிட்டு மேலே வெள்ளி ஒட்டி விற்கிறவர்கள் இருக்கிறார்கள் என்று ஒரு வீடியோவில் பார்த்திருக்கிறார். வீடியோ என்றதும் வேறொன்று உறைத்தது. ஓசியில் கோட் நம்பர் தருகிறோம் என்கிற ஒரு தளத்தில் போன மாதம் அவரே ஆசைப்பட்டு நுழைந்து, உங்கள் போன் நம்பரைக் கொடுங்கள் என்று கேட்டதும் பின்னங்கால் பிடரியில் பட வெளியே வந்தார். அந்தத் திருட்டுப் பயல்கள் யாராவது தம்பியின் வாட்ஸப்புக்குள் புகுந்து இதை அனுப்பியிருந்தால். அண்ணே என்று எழுதாததற்கு அதுதானே காரணமாக இருக்கமுடியும், திருடனுக்கு எப்படித் தெரியும் அவர் அண்ணன் என்று. ஒரு நிமிஷம் அது நிம்மதியாகக்கூட இருந்தது. அப்புறம் போட்டோவைப் பெரிதாக்கிப் பார்த்தார். அட்டையின் ஓரத்தில் ஒரு கட்டைவிரல், நகத்தில் நீல பெயிண்ட். ஒட்டன்சத்திரத்தில் பெயிண்ட் கடை வைத்திருக்கிற விரல். சின்னதில் கதவிடுக்கில் மாட்டி நசுங்கி நகம் கோணலாக முளைத்த விரல். மாட்டியபோது அவர்தான் தூக்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினார். அது அவனேதான்.

அவனேதான் என்றால் எதற்கு. இந்த இடத்தில் வந்து வந்து யோசனை முட்டியது. அவனே அடித்துத் தன் கணக்கில் ஏற்றிக்கொண்டு வெறும் அட்டையைப் போட்டோ எடுத்து அனுப்பியிருக்கிறான். பெட்டி உன்னிடம்தானே இருக்கிறது, அதை வைத்துக்கொண்டு நாக்கு வழி என்று சொல்லாமல் சொல்கிறான். அண்ணன் பெட்டியைக் கட்டிக்கொண்டு போனார் என்று அன்றைக்கே அவன் மச்சான்காரன் சபையில் சொன்னதுதானே. அந்த மச்சான் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு, அனுப்புங்க மாப்ளே, ஆள் என்ன பண்றார்னு பார்ப்போம் என்று உசுப்பேற்றியிருப்பான். இப்போது தம்பி, அவன் மனைவி, மச்சான் மூன்று பேரும் போனைச் சுற்றி உட்கார்ந்து இவர் பதிலுக்குக் காத்துக்கொண்டிருப்பார்கள், இவர் நன்றிடா தம்பி என்று போட்டால் கெக்கெக்கே என்று சிரிப்பார்கள். கோபம் ஏறியது. கூடவே இன்னொன்றும் ஏறியது, அது வேண்டாத ஞாபகம். பாகம் பிரித்த அன்றைக்கு, பத்திரத்தை வக்கீல் இரண்டு தடவை வாசித்தும் போதாமல், தண்டபாணி சட்டைப் பையிலிருந்து அளவு டேப்பை எடுத்து நடுச்சுவரை அத்தனை சொந்தக்காரர்கள் முன்னாலும் மறுபடி அளந்தார். தம்பி ஒரு முனையைப் பிடித்துக்கொண்டு நின்றான். சரியாகத்தான் இருந்தது, விரற்கடை பிசகில்லை. சரியாக இருந்ததும் விட்டிருக்கலாம், வேறு ஏதும் சொல்லாம விட்டது உண்டா என்று தம்பியிடம் கேட்டார். கேட்டது தப்பு என்று அவருக்குத் தோன்றவில்லை, எல்லாரிடமும் கேட்கிற கேள்விதான். குழந்தைவேலு டேப்பின் முனையைக் கீழே விட்டான், அது சர்ரென்று சுருண்டு அவர் கைக்கு வந்தது. டிக்கெட் எடுக்காம வந்தவனைப் பாக்குற மாதிரி பாக்குறீங்களேண்ணே, என்று சொல்லிவிட்டு மகளைத் தூக்கிக்கொண்டு வெளியே போனவன்தான். முகம் எப்படி இருந்தது என்று தண்டபாணிக்கு இன்றுவரை தெரியாது, அவர் அவன் கையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

கையில் ஒன்றும் இல்லை. அதுதான் விஷயம், கையில் ஒன்றும் இல்லை. இவ்வளவு மாதமாக அவர் மனசுக்குள் அந்தக் கையைத் திரும்பத் திரும்பச் சோதனை போட்டும் ஒன்றும் அகப்படவில்லை. அகப்படாததால் விட்டுவிட முடிகிறதா என்றால் அதுவும் இல்லை. தம்பி வேண்டும். யாரிடமும் சொன்னதில்லை, பரிமளாவிடம்கூட, ஆனால் சோறு இறங்குகிறபோது, பஸ்ஸுக்காக ரோட்டோரம் வேப்பமர நிழலில் நிற்கிறபோது, அப்பட்டமாக, ஒரு குழந்தை கேட்கிற மாதிரி, தம்பி வேண்டும் என்று உள்ளே ஒன்று கேட்டுக்கொண்டே இருக்கிறது. அப்பா போய்விட்டார், அம்மா போய்விட்டாள், அண்ணே என்று கூப்பிட உலகத்தில் ஒரு வாய்தான் மிச்சம். அந்த வாயிலிருந்து இத்தனை நாள் கழித்து முதல் தடவையாக ஒன்று வந்திருக்கிறது, அது நல்லதுக்கா கெட்டதுக்கா என்று தெரியாமல் எப்படிக் கையில் வாங்குவது. இப்போது தப்பாக ஒரு வார்த்தை போட்டால் முடிந்தது, ஜென்மத்துக்கும் அந்த வாசல் திறக்காது. ஒன்றும் போடாமல் விட்டாலும் அதே கதைதான். நன்றி என்று எழுதினார், அழித்தார். கேம் வந்துவிட்டது என்று பொய் எழுதலாமா என்று பார்த்தார், அவனே அடித்திருந்தால் அந்தப் பொய்யைத்தானே எதிர்பார்த்துக் காத்திருப்பான், அழித்தார். நெட் சரியில்லைபோல என்று எழுதினார், என்னத்துக்கு அவனுக்கு நான் சாக்கு தேடிக் கொடுக்கவேண்டும், அழித்தார். எழுந்துபோய்த் தண்ணீர் குடித்தார். காஸ் மூடியிருக்கிறதா என்று பார்த்தார், மூடியிருந்தது. திரும்பி வந்தபோது தம்பியின் பெயருக்குக் கீழே, ஆன்லைனில் இருக்கிறான் என்று காட்டியது. பார்த்துக்கொண்டேதான் இருக்கிறான். பொறியை வைத்துவிட்டு எலி வருகிறதா என்று பார்த்துக்கொண்டே இருக்கிறான். அந்தக் கணத்தில் யோசனை முடிந்துவிட்டது, அதாவது முடிந்த மாதிரி இருந்தது. விரல் தானாக ஓடியது.

ஏற்கனவே அடிச்ச கோட் நம்பரை எனக்கு எதுக்குடா அனுப்புன. அனுப்பிவிட்டார். ஒரு டிக். இரண்டு டிக். இரண்டும் நீலமாயின. எழுதிக்கொண்டிருக்கிறான் என்று காட்டியது, நின்றது, மறுபடி எழுதிக்கொண்டிருந்தான், மறுபடி நின்றான். மாட்டிக்கொண்டவன்தான் இப்படித் தடுமாறுவான், பையைத் துழாவுகிற கை, என்று நினைத்து அவருக்கு ஒரு கெட்ட சந்தோஷம் வந்தது. போன் அடித்தது. திரையில் தம்பி பெயர். அடிக்கட்டும் என்று விட்டுப் பார்த்தார். நின்றுவிடுமோ என்று பயந்து எடுத்தார்.

"அண்ணே" என்றான் குழந்தைவேலு. குரல் கொஞ்சம் தடித்திருந்தது, சளியா என்று கேட்க வாயெடுத்தார். "வேணாம்னா வேணாம்னு ஒரு வார்த்தை போட்டிருக்கலாம்லண்ணே. எங்க வீட்டுக்கே திருப்பி விட்டுட்டு, அதுக்கு மேல இப்படி ஒரு கேள்வி வேற."

நான் எங்கேடா திருப்பி விட்டேன் என்று தண்டபாணி கேட்டார். அவன் சொன்னான். போட்டோவை அனுப்பிவிட்டு இவர் ஏதாவது போடுவாரா போடுவாரா என்று பார்த்துக்கொண்டே சாப்பிட உட்கார்ந்திருக்கிறார்கள். அண்ணே என்று எழுதிப் பார்த்து, நேரில் பேசாமல் எழுத்தில் எப்படிக் கூப்பிடுவது என்று கூச்சப்பட்டு அதை அழித்துவிட்டுத்தான் வெறும் போட்டோவை அனுப்பினானாம். கொஞ்ச நேரத்தில் நிரஞ்சனா டிவியைப் பார்த்து, அப்பா லாரி வருது என்று கத்தியிருக்கிறாள். தண்டவேலு கணக்கில் அந்த கேம் தானாக இறங்கிக்கொண்டிருந்திருக்கிறது. அவன் அடிக்கவில்லை, அவன் மனைவி அடிக்கவில்லை. அந்தக் கணக்குத் தெரிந்த இன்னொரு ஆள் உலகத்தில் ஒருத்தர்தான். உன் பொருள் எனக்கு வேண்டாம் என்று முகத்தில் விட்டெறிந்துவிட்டார் என்று நினைத்துச் சோற்றை அப்படியே வைத்துவிட்டு எழுந்துவிட்டானாம். தண்டபாணி போனைக் காதிலிருந்து எடுத்துக் கடையைத் திறந்தார். மேலே மூலையில், எறும்பு சைஸில், தண்டவேலு என்று இருந்தது. டிவியில்தான் புதுக் கணக்கு திறந்தாரே தவிர போனில் பழையதே இருந்திருக்கிறது. இந்தக் குடும்பத்தில் யாரும் எதிலிருந்தும் வெளியேறுவது கிடையாது. ஒருத்தர் திறந்ததை எல்லாரும் உபயோகிப்பார்கள், அப்படியே போட்டுவிட்டுப் போவார்கள், அம்மா செத்த பிறகும் அம்மா நம்பரில்தான் இரண்டு வீட்டுக்கும் காஸ் பதிவு. அந்த வட்டம் சுற்றிக்கொண்டிருந்தபோதே எல்லாம் முடிந்துவிட்டது. பாலை எடுத்து வைக்கப் போன நேரத்தில் தம்பியின் பரிசைத் தம்பிக்கே அனுப்பியிருக்கிறார், தன் விரலாலேயே.

போனை மறுபடி காதில் வைத்தார். போனில் அடித்ததை, அதில் பழைய கணக்கே இருந்ததை, பார்க்காமல் விட்டதைச் சொன்னார். அதோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் நெஞ்சில் கிடந்தது வெளியே வந்துவிட்டது.

"நீயே அடிச்சுக்கிட்டு வெறும் அட்டையை அனுப்பியிருக்கன்னு நெனச்சுட்டேன்டா."

"தெரியும்ணே" என்றான் தம்பி. "நீங்க வேற என்ன நெனைப்பீங்க."

கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பார். மழை வரும்போல என்று சொல்கிற மாதிரி சொன்னான். அந்தச் சாதாரணம்தான் தண்டபாணியைக் குத்தியது, இத்தனை வருஷமாக அவன் இதை அறிந்தே பக்கத்தில் உட்கார்ந்து பிரேக் போட்டுக்கொண்டிருந்திருக்கிறான் என்று. ஏதாவது சொல்லவேண்டும், மன்னிச்சுக்கடா என்று சொல்லலாம், அண்ணன்களுக்கு அதைச் சொல்லிப் பழக்கமில்லை. அதற்குள் தம்பியே பேசினான்.

"அது ஒரு தடவைதான்ணே. இனிமே அதை அங்க அனுப்ப முடியாது. வெளாடணும்னா நீங்க இங்கதான் வரணும்."

வரணும். கூப்பிடுகிறானா, இல்லை சும்மா விவரம் சொல்கிறானா. கடைக்காரன் சொல்கிற மாதிரியும் இருக்கிறது, கூப்பிடுகிற மாதிரியும் இருக்கிறது. மச்சான்காரன் பக்கத்தில் இருக்கிறானோ. போய் வாசலில் நின்றபிறகு, என்னண்ணே திடீர்னு, என்று கேட்டுவிட்டால். ஒருவேளை எல்லாமே திட்டம் போட்டுச் செய்ததோ, என் போனில் பழைய கணக்கு இருப்பது தெரிந்தே, அது அங்கே போகும் என்று தெரிந்தே, என்னை வரவழைக்க. வரவழைத்து என்ன செய்யப்போகிறான். ஒன்றும் செய்யமாட்டான். அது தெரியும். தெரிந்தும் வாய் கேட்டுவிட்டது, அவரைக் கேட்காமலே கேட்டுவிட்டது.

"நெசமாத்தான் கூப்புடுறியா?"

குழந்தைவேலு, என்றார். காதிலிருந்து எடுத்துப் பார்த்தால் லைன் துண்டாகியிருந்தது. அவன் வைத்துவிட்டானா, தானாகப் போய்விட்டதா தெரியவில்லை. இந்த அறையில் சில சமயம் அப்படிப் போகும். திரும்ப அடித்துக் கேட்கலாம். விரல் அவன் பெயர்மேல் போய் நின்றது. கேட்டால் என்ன சொல்வான், வாங்க என்றால் அதையும் இன்னொரு தடவை கேட்கத் தோன்றும், அப்புறம் அதையும். இதற்கு ஒரு முடிவே கிடையாது என்று தண்டபாணிக்கு முதல் தடவையாகக் களைப்பாக இருந்தது, எலும்பெல்லாம் வலிக்கிற களைப்பு. விரலை எடுத்துவிட்டார். டிவியை அணைத்தார். கொடியிலிருந்து சட்டையை உருவி மாட்டிக்கொண்டு, கதவைப் பூட்டிக்கொண்டு படியிறங்கினார். தெருமுனையில், ஒட்டன்சத்திரம் பஸ்ஸுக்காக நிற்கும்போது, தம்பி வீட்டுக்குப் போறேன், வர நேரமாகலாம் என்று பரிமளாவுக்கு ஒரு செய்தி தட்டினார். அவள் உடனே பார்த்துவிட்டாள். கூப்பிட்டாரா, என்று கேட்டிருந்தாள். பஸ் வந்துவிட்டது. ஏறி, ஒரு கையால் கம்பியைப் பிடித்துக்கொண்டு, மறு கையால் பதில் எழுதினார்.

தெரியல. போறேன்.